கறிவேப்பிலைத் தொட்டியில் ஒரு வேஷக்காரி

கேள்வி: மொட்டை மாடியில் தொட்டியில் கறிவேப்பிலை வளர்க்கிறேன். போன மாதம் இலையில் காக்கை எச்சம் மாதிரி ஏதோ ஒட்டியிருந்தது. கழுவிவிடலாம் என்று தண்ணீர் தெளித்தால், எச்சம் நகர்கிறது! புழு. கிள்ளி எறியப் போன என்னைத் தடுத்து, ஒன்பது வயதுப் பேத்தி அதை வளர்த்தாள். பச்சைப் புழுவாகி, கூடாகி, கடைசியில் கறுப்பு இறக்கையில் சிவப்புப் பொட்டு வைத்த பட்டாம்பூச்சி வந்தது. எதிர்வீட்டுக்காரர், "அது விஷப் பட்டாம்பூச்சி, செடியையே வெட்டிப் போடுங்க" என்றார். அப்புறம் கைப்பேசியில் எதையோ பார்த்துவிட்டு, "இல்லை, இது விஷப் பூச்சி மாதிரி வேஷம் போடுற பூச்சி" என்றார். அன்றிலிருந்து பேத்தி என்னை விடுவதில்லை. "பொய் சொல்லக் கூடாதுன்னு சொல்றீங்களே பாட்டி, அது மட்டும் சொல்லலாமா?" என்கிறாள். இலையைச் சமையலில் போடலாமா? இவளுக்கு என்ன பதில் சொல்ல?
- ஒரு வாசகி, விருத்தாசலம்

பதில்: அம்மா, முதலில் ரசத்தை முடித்துவிடுவோம். இலையைக் கழுவிவிட்டுத் தாராளமாகத் தாளிக்கலாம். அந்தப் புழுவிலும் விஷம் இல்லை, அதிலிருந்து வந்த பட்டாம்பூச்சியிலும் விஷம் இல்லை. எதிர்வீட்டுக்காரர் இரண்டாவது தடவை சொன்னதுதான் சரி. செடியை வெட்ட வேண்டாம்.

உங்கள் மாடிக்கு வந்தவளை ஆங்கிலத்தில் காமன் மார்மன் என்பார்கள். வெள்ளைக்காரர் நக்கலாக வைத்த பெயர். இந்த இனத்தில் ஆணுக்கு ஒரே உருவம், பெண்ணுக்கு மூன்று உருவம். அதைப் பார்த்ததும் அவர்களுக்குப் பல மனைவிகளைக் கட்டிக்கொண்ட, அமெரிக்காவின் மார்மன் என்ற கிறித்தவ சபையினர் ஞாபகம் வந்திருக்கிறது. கறிவேப்பிலை, எலுமிச்சை, நாரத்தை, வில்வம் என்று ஒரே குடும்பத்துச் செடிகளாகப் பார்த்து முட்டையிடும். ஊரில் பாதி வீட்டில் கறிவேப்பிலை இருப்பதால் இதுவும் எங்கும் இருக்கிறது.

நீங்கள் பார்த்த 'எச்சம்' இதன் முதல் வேஷம். புழு நான்கு தடவை தோல் உரிக்கும். நான்காவது உரிப்பு வரைக்கும் பழுப்பும் கறுப்புமாக, நடுவில் வெள்ளை தீற்றினாற்போல, ஈரம் காயாத பளபளப்போடு இலை மேல் அப்பட்டமாகக் கிடக்கும். ஒளிய வேண்டிய அவசியம் அதற்கு இல்லை. எந்தக் குருவி எச்சத்தைத் தின்னும்? ஆனால் சுண்டுவிரல் நீளம் வளர்ந்துவிட்டால் இந்த வேஷம் எடுபடாது, அவ்வளவு பெரிய எச்சம் போட ஊரில் குருவி இல்லை. அதனால் கடைசி உரிப்பில் இலைப் பச்சைக்கு மாறிவிடுகிறது. இதன் ஒன்றுவிட்ட சகோதரியான ஒரு ஜப்பானியப் பட்டாம்பூச்சியை ஆராய்ந்தவர்கள் 2008-இல் இந்த மாற்றத்தின் சூட்சுமத்தைக் கண்டுபிடித்தார்கள். புழுவின் உடம்பில் 'இளமை ஹார்மோன்' என்று ஒன்று உண்டு. அது இருக்கும்வரை எச்சம், குறைந்தால் பச்சை.

பச்சைப் புழுவையும் உற்றுப் பாருங்கள். முன்பக்கம் வீங்கினாற்போல இருக்கும் இடத்தில் இரண்டு கண் தெரியும். அது கண் இல்லை, வெறும் கோலம். நிஜத் தலை அதற்குக் கீழே மடங்கிக் கிடக்கும். பேத்தி குச்சியால் தொட்டிருந்தால் தலைக்குப் பின்னாலிருந்து பாம்பு நாக்கு மாதிரி சிவப்பாக ஒரு கவை சட்டென்று நீண்டிருக்கும், கூடவே ஒரு நெடி. கடிக்காது, கொட்டாது. அப்புறம் கூடு. பச்சைத் தண்டில் கட்டினால் பெரும்பாலும் பச்சை, காய்ந்த குச்சியில் கட்டினால் பழுப்பு.

இத்தனையும் ஒத்திகைதான். பெரிய வேஷம் இறக்கையில் இருக்கிறது.

ஆடுதீண்டாப்பாளை உங்கள் பக்கம் வயல் வரப்பில் கிடக்கும். பெயரே சொல்லிவிடுகிறது, எதையும் மேய்கிற ஆடு அதைத் தொடாது. அதையும், அதன் இனமான ஈசுவரமூலிக் கொடியையும் தின்று வளர்கிற இரண்டு பட்டாம்பூச்சிகள் உண்டு. செடியிலுள்ள நஞ்சை அவை உடம்பில் சேர்த்து வைத்துக்கொள்ளும். (மனிதச் சிறுநீரகத்தைக் கெடுக்கிற, புற்றுநோய் உண்டாக்குகிற நஞ்சு அது. நாட்டு மருந்து என்று யாராவது ஈசுவரமூலியை அரைத்துக் கொடுத்தால் வாங்கிக் குடிக்காதீர்கள்.) அனுபவம் இல்லாத குருவி ஒரு தடவை கொத்தும், குமட்டும், துப்பும். அதோடு கறுப்பில் சிவப்புப் பொட்டு கண்ட பக்கம் போகாது. மார்மன் பெண்ணின் மூன்று உருவங்களில் ஒன்று ஆணைப் போலவே வெறும் கறுப்பு வெள்ளை. மற்ற இரண்டும் இந்த நச்சுப் பட்டாம்பூச்சிகளின் ஆளுக்கொரு நகல்.

பார்த்த பெரியவர்களே ஏமாந்திருக்கிறார்கள். இவை வெவ்வேறு இனங்கள் என்றுதான் வெகுகாலம் நினைத்தார்கள். எல்லாம் ஒரே இனத்துப் பெண்கள்தான் என்று 1865-இல் விளக்கி எழுதியவர் ஆல்பிரட் ரஸ்ஸல் வாலஸ். அவரோடு 1848-இல் அமேசான் காட்டுக்குக் கிளம்பிப் போய்ப் பதினொரு வருடம் அங்கேயே பூச்சி பிடித்துக்கொண்டிருந்த ஹென்றி பேட்ஸ் என்பவர்தான், தின்னத் தகுந்தது தின்னத் தகாததைப் போல வேஷம் போடும் சங்கதியை 1862-இல் முதலில் விளக்கினார். நம் கறிவேப்பிலைப் பூச்சியின் வேஷத்தை ஒரே ஒரு மரபணு ஆட்டி வைக்கிறது என்று 2014-இல் பட்டாம்பூச்சி ஆய்வாளர் கிருஷ்ணமேக் குண்டேயும் அவரோடு வேலை செய்தவர்களும் காட்டினார்கள். அதனால் ஒரே தாய் இட்ட முட்டைகளில் ஒரு மகள் சிவப்புப் பொட்டோடும் இன்னொரு மகள் அப்பா ஜாடையிலும் பிறக்க முடியும்.

சரி, இது பொய்யா?

பேத்தியிடம் இப்படிக் கேட்டுப் பாருங்கள்: தனக்குச் சிவப்புப் பொட்டு இருப்பது அந்தப் பூச்சிக்குத் தெரியுமா? தெரியாது. அதற்குக் கண்ணாடியும் கிடையாது, உள்நோக்கமும் கிடையாது. பொட்டு இல்லாத அக்காமார்களைக் குருவி கொஞ்சம் கூடுதலாகத் தின்றது, இவள் மிஞ்சினாள். அவ்வளவுதான். பொய் சொல்ல உண்மை தெரிந்திருக்க வேண்டும்.

ஆனால் குழந்தை அதோடு விடாது. "சரி, அப்போ ஏமாந்தது யாரு?" என்பாள். நல்ல கேள்வி. குருவி என்றுதான் எல்லோரும் சொல்வார்கள். எனக்கென்னவோ பெரிய நஷ்டம் நிஜமான நச்சுப் பட்டாம்பூச்சிக்குத்தான் என்று தோன்றுகிறது.

ஒரு பிஸ்கட் கதை சொல்கிறேன். சில வருடங்களுக்கு முன் ராத்திரிப் பயணத்தில் ஒரு பேருந்து நிலையத்தில் வண்டி நின்றது. நல்ல பசி. கடையில் தொங்கிய பாக்கெட், சின்ன வயதிலிருந்து நான் தின்னும் பிஸ்கட்டின் அதே நிறம், அதே எழுத்து, மூலையில் அதே மாதிரி ஒரு படம். வாங்கிப் பிரித்து வாயில் போட்டால் மரத்தூள். வெளிச்சத்தில் பார்த்தேன், பெயரில் ஓர் எழுத்து மட்டும் வேறு. அடுத்த ஊரிலும் அப்படியே ஆனது. அப்புறம் நான் என்ன செய்தேன் தெரியுமா? அந்த நிற பாக்கெட்டையே வாங்குவதை விட்டுவிட்டேன், நிஜமானதையும் சேர்த்து. அசல் கம்பெனி என்ன பாவம் செய்தது? குருவிக்கும் இதே கதைதான், தலைகீழாக. நகல் பெருகிவிட்டால் அது கொத்துகிற பத்துச் சிவப்புப் பொட்டில் ஏழெட்டு ருசியாக இருக்கும். "இது விஷம்" என்ற பாடம் மறந்துபோகும். நகலும் செத்தது, அசலும் கொத்துப்பட்டது. அதனால்தான் மார்மன் பெண்களில் எல்லோரும் வேஷம் போடுவதில்லை. கூட்டம் சேரச் சேர வேஷத்தின் மதிப்பு இறங்கிவிடும்.

வேஷத்தை நல்ல காரியத்துக்குக் கடன் வாங்கியவர்களும் உண்டு. சுந்தரவனக் காட்டில் தேன் எடுக்கவும் விறகு வெட்டவும் போகிறவர்களைப் புலி பின்னாலிருந்துதான் பாயும். 1986 முதல் அவர்களில் பலர் தலைக்குப் பின்னால் மனித முகமூடி கட்டிக்கொண்டு போனார்கள், புலிக்கு முதுகே தெரியாதபடி. இதையே ஆப்பிரிக்காவில் மாட்டுக்குச் செய்து பார்த்தார்கள். போட்ஸ்வானாவின் ஒகவாங்கோ பகுதியில் சிங்கமும் சிறுத்தையும் மாடு பிடிக்கும் தொல்லை. மாட்டின் பின்பக்கத்தில் இரண்டு பெரிய கண்களை வரைந்து மேயவிட்டார்கள். நான்கு வருட ஆய்வு, முடிவு 2020-இல் வெளியானது. கண் வரைந்த 683 மாடுகளில் ஒன்றைக்கூட அவை பதுங்கிப் பாய்ந்து கொல்லவில்லை. எதுவும் வரையாத 835-இல் 15 போயின. வெறும் பெருக்கல் குறி போட்ட 543-இல் நான்கு. உங்கள் பச்சைப் புழு முதுகில் போட்டிருக்கும் கோலமும் அதே கண்தானே. பேத்திக்கு இது பிடிக்கும், ஆனால் பக்கத்து வீட்டுப் பசுவிடம் சாயத்தோடு போகாமல் பார்த்துக்கொள்ளுங்கள்.

சோளக்கொல்லை பொம்மையும் இந்த வகைதான். முதல் வாரம் கிளி வராது. இரண்டாம் வாரம் பொம்மையின் தோளில் உட்கார்ந்து கதிரை நோட்டம் பார்க்கும்.

பார்க்கிறவர் மாறினால் வேஷமே எமனாகவும் ஆகும். கட்டுவிரியன் என்று அடித்துக் கொல்லப்படுகிறவற்றில் விஷமே இல்லாத ஓநாய்ப் பாம்பும் அடக்கம். பல்லி பிடிக்க வீட்டுக்குள் வரும் சாது அது. கட்டுவிரியனைப் போல வெள்ளைப் பட்டை இருப்பது மற்ற விலங்குகளிடமிருந்து அதைக் காப்பாற்றியிருக்கலாம், தடியோடு நிற்கும் நம்மிடம் அதுவே வினை. ஓநாய்ப் பாம்புக்குப் பட்டை கழுத்துப் பக்கம் பளிச்சென்று தொடங்கி வால் போகப் போக மங்கும், கட்டுவிரியனுக்குப் பின்பாதியில்தான் தெளிவாக இருக்கும். இதை நம்பி டார்ச் அடித்துக்கொண்டு பக்கத்தில் குனிந்து பார்த்துவிடாதீர்கள். கதவைச் சாத்திவிட்டுத் தீயணைப்பு நிலையத்துக்குப் போன் செய்யுங்கள். கடித்துவிட்டால் எந்தப் பாம்பு என்ற ஆராய்ச்சியெல்லாம் வேண்டாம், கட்டும் போட வேண்டாம், நேரே அரசு மருத்துவமனை.

மனிதர் போடும் வேஷத்தைப் பற்றியும் பேத்தி கேட்பாள். பகல்வேஷம் என்ற சொல்லை நாம் வசவாகத்தான் வைத்திருக்கிறோம். ஆந்திரப் பக்கத்தில் அது ஒரு தொழில். பட்டப்பகலில் சாமியாகவும் ராஜாவாகவும் பிச்சைக்காரராகவும் வேஷம் கட்டித் தெருத்தெருவாக வந்து ஆடுகிறவர்கள் அவர்கள். நம் ஊர்ப் புலியாட்டத்தில் மஞ்சள் சாயத்துக்குள் இருக்கிற ஆளை எந்தக் குழந்தைக்கும் தெரியும், இருந்தாலும் அலறிக்கொண்டு ஓடும், திரும்பவும் வரும். இரண்டு பக்கத்துக்கும் தெரிந்து போடுவது ஆட்டம். ஒரு பக்கத்துக்கு மட்டும் தெரிந்து போடுவது அந்த பிஸ்கட். பூச்சியினுடையது இரண்டிலும் சேராது, அங்கே யாருக்கும் எதுவும் தெரியாது. ஒன்பது வயதுக்கு இது போதும் என்று நினைக்கிறேன்.

இனி தொட்டிக்கு வருவோம். சின்னச் செடியில் ஏழெட்டுப் புழு இருந்தால் மொட்டையடித்துவிடும். இரண்டை விட்டுவைத்து மற்றவற்றை இலையோடு கிள்ளி, தெரிந்தவர் வீட்டு எலுமிச்சையிலோ கோயில் வில்வத்திலோ விட்டுவிடலாம். மருந்து அடிக்காதீர்கள், அந்த இலையை நாளைக்கு நீங்கள்தானே சாப்பிடப்போகிறீர்கள். மூடி போட்ட பாட்டிலில் வளர்க்க வேண்டாம். கூடு கட்ட ஒரு குச்சியைத் தொட்டியில் சாய்த்து வையுங்கள். வெளியே வரும்போது பாவமாக இருக்கிறதே என்று பிய்த்து உதவப் போகக் கூடாது, இறக்கை கோணிவிடும்.

அசலா நகலா என்று பேத்தி கண்டுபிடிக்க வேண்டுமானால் இறக்கையை விட்டுவிட்டு உடம்பைப் பார்க்கச் சொல்லுங்கள். நச்சுப் பட்டாம்பூச்சிக்கு உடம்பே சிவப்பாக இருக்கும், பறப்பதும் சாவகாசமாக இருக்கும். மார்மன் இறக்கையில் எல்லாவற்றையும் காப்பியடித்தவள், உடம்பைக் கறுப்பாகவே விட்டுவிட்டாள். துரத்தினால் வேஷத்தை மறந்து விர்ரென்று பறந்தும் போய்விடுவாள். அடுத்த கூட்டிலிருந்து மஞ்சளும் கறுப்புமாக ஒன்று வந்தால் குழம்ப வேண்டாம், அது எலுமிச்சைப் பட்டாம்பூச்சி. அதன் புழுவும் இதே கறிவேப்பிலையில் இதே எச்ச வேஷத்தில்தான் உட்கார்ந்திருக்கும்.