விழுந்த பல் மறுபடி பிடிக்குமா?

கேள்வி: என் மூத்த மகனுக்கு 12 வயது. தெருவில் கிரிக்கெட் விளையாடும்போது பந்து பட்டு, மேல்வரிசை முன்பல் வேரோடு வந்துவிட்டது. பக்கத்து வீட்டு அக்கா உடனே அதைப் பாலில் போட்டுக் கொடுத்தார். அரை மணி நேரத்துக்குள் பல் மருத்துவரிடம் போய்விட்டோம். அதே பல்லைத் திரும்ப வைத்துக் கம்பி கட்டியிருக்கிறார். பத்து நாள் ஆகிறது, தொட்டால் லேசாக ஆடுகிறது. உள்ளே வைத்த பசை சரியில்லையோ? கம்பியை எடுத்தால் விழுந்துவிடுமா? கால்சியம் மாத்திரை கொடுக்கலாமா? சின்னவனுக்கு 5 வயது, அவனுக்கும் இப்படி ஆனால் இதையே செய்யலாமா?

பதில்: அம்மா, முதலில் அந்த அக்காவுக்கு நன்றி சொல்லுங்கள். பல் பிழைக்க நல்ல வாய்ப்பு இருப்பதற்கு அந்தப் பால் ஒரு பெரிய காரணம்.

உள்ளே பசை எதுவும் வைத்திருக்க மாட்டார்கள். பல் எலும்போடு நேரடியாக ஒட்டியிருப்பதே இல்லை. வேருக்கும் தாடை எலும்புக்கும் நடுவே சுமார் 0.2 மில்லிமீட்டர் இடைவெளி உண்டு. அது முழுக்கக் கொலாஜன் நார்கள். ஒவ்வொரு நார்க்கற்றையின் ஒரு முனை வேரை மூடியிருக்கும் படலத்துக்குள் புதைந்திருக்கும். மறுமுனை எலும்புக்குள் இறங்கியிருக்கும். தூளியில் குழந்தை தொங்குவதுபோல் பல் இந்த நார்களில் தொங்குகிறது. நாம் கடிக்கும்போது அவை விறைத்து, அழுத்தத்தை எலும்பின் மேல் பரவலாக இறக்கிவிடுகின்றன. எலும்புக்குள் புகுந்து நிற்கும் இந்த முனைகளுக்கு ஷார்ப்பி நார்கள் என்று பெயர். ஸ்காட்லாந்தில் பிறந்த உடற்கூறியல் பேராசிரியர் வில்லியம் ஷார்ப்பி 1846-ல் அவற்றை விவரித்தார். தசைநாண்களையும், எலும்பைச் சுற்றியுள்ள உறையையும் எலும்போடு பிடித்து வைப்பதும் இதே வகை நார்கள்தான்.

பல் பிடுங்கிக்கொண்டு வரும்போது இந்த நார்கள் நடுவில் அறுகின்றன. பாதி குழியில் தங்கிவிடும், பாதி வேரோடு வந்துவிடும். வேரின் மேல் இளஞ்சிவப்பாக, ஈரமாக ஏதோ ஒட்டியிருப்பதை அன்று பார்த்திருப்பீர்கள். அழுக்கு என்று நினைத்துப் பலர் தேய்த்துக் கழுவிவிடுகிறார்கள். அழுக்கு இல்லை, அதுதான் பல்லின் உயிர். புது நார் நெய்யும் செல்கள் அதில்தான் இருக்கின்றன. காற்றில் காய்ந்து ஒரு மணி நேரம் கடந்தால் அவை பெரும்பாலும் இறந்துவிடும். சாதாரணத் தண்ணீரில் ஊறப்போட்டால் ஊதி வெடித்துவிடும். பால் அவற்றைச் சில மணி நேரம் தாங்கும்.

சரி, ஆட்டத்துக்கு வருவோம். பத்து நாளில் லேசாக ஆடுவது இயல்பு. கட்டியிருப்பதும் சற்று வளைந்து கொடுக்கும் மெல்லிய கம்பிதான். நார்கள் ஒழுங்காகச் சேர அந்தச் சிறு அசைவு தேவை. பொதுவாக இரண்டு வாரத்தில் கம்பியை எடுப்பார்கள்; அதற்கப்புறமும் நார்கள் மெல்ல இறுகிக்கொண்டே வரும். எனக்குக் கவலை தருவது இதற்கு நேரெதிர் நிலை: பல் துளிகூட அசையாமல் போவது. செல்கள் இறந்திருந்தால், நார் இருக்க வேண்டிய இடத்தில் எலும்பே வளர்ந்து வேரோடு ஒட்டிவிடும். பிறகு எலும்பு வேரைக் கொஞ்சம் கொஞ்சமாகக் கரைத்து அந்த இடத்தைப் பிடித்துக்கொள்ளும். வளரும் பையன் என்பதால், பக்கத்துப் பற்கள் தாடையோடு கீழே இறங்க, இது மட்டும் மேலேயே நின்று குட்டையாகத் தெரியும். மருத்துவர் கருவியின் பிடியால் பல்லைத் தட்டிப் பார்ப்பது இதற்காகத்தான். ஒட்டிய பல்லில் உலோகத்தைத் தட்டியதுபோல் 'டிங்' என்று கேட்கும்.

இன்னொன்றைத் தள்ளிப்போடாதீர்கள். இந்த வயதில் முன்பல்லின் வேர் வளர்ந்து முடிந்திருக்கும், உள்ளே அறுந்த நரம்பு மறுபடி சேராது. அதனால் வலி இல்லாவிட்டாலும் இரண்டு வாரத்துக்குள் வேர் சிகிச்சையைத் தொடங்க வேண்டும். விட்டால் உள்ளே கிருமி சேர்ந்து வேரை வேகமாக அரித்துவிடும். இதைப் பற்றி மருத்துவரிடம் இன்றைக்கே கேளுங்கள். தடுப்பூசி அட்டையையும் எடுத்துப் போங்கள், டெட்டனஸ் ஊசி தேவையா என்று பார்ப்பார்.

கால்சியம் மாத்திரை வேண்டாம். நார் என்பது புரதம். அதை நெய்ய வைட்டமின் சி அவசியம். அந்தக் காலத்தில் மாதக்கணக்கில் கப்பலில் போன மாலுமிகளுக்குப் பல் ஆடி விழுந்தது அது கிடைக்காமல்தான். முட்டை, பருப்பு, கொய்யா, நெல்லிக்காய் போதும். இரண்டு வாரத்துக்கு எல்லாம் மென்மையாக இருக்கட்டும்: இட்லி, குழைந்த சாதம், கொய்யாவை மசித்து. மெத்தென்ற பிரஷ்ஷால் தினமும் துலக்கட்டும். பிறகு 3 மாதம், 6 மாதம், ஒரு வருடம் என்று எக்ஸ்ரே எடுத்து, ஐந்து வருடமாவது தொடர்ந்து பார்க்க வேண்டும்.

சின்னவனுக்கு இதைச் செய்யாதீர்கள். 5 வயதில் முன்பல் பால் பல். திரும்பக் குழியில் அழுத்தினால் மேலே வளர்ந்துகொண்டிருக்கும் நிரந்தரப் பல் கெட்டுவிடலாம். காயத்தைக் காட்ட மட்டும் அழைத்துப் போங்கள். பெரியவனுக்கு இன்னொரு முறை நேர்ந்தால், பாலைத் தேடும் முன், பல்லின் வெள்ளைப் பகுதியைப் பிடித்து, மண் இருந்தால் பாலிலோ உமிழ்நீரிலோ லேசாக அலசி, அங்கேயே குழியில் வைத்துவிடுங்கள். ஒரு கைக்குட்டையைக் கடித்துக்கொண்டே வண்டி ஏறட்டும்.