நியூ ஜெர்சி காஸ்மெட்டாலஜி (அழகுக்கலை) லைசென்ஸோடு டெக்சாஸ் போகிறேன், மறுபடியும் படிக்க வேண்டுமா?

வேண்டியதில்லை. ஆனால் இது ரேஷன் கார்டில் செய்வது போல வெறும் விலாச மாற்றம் இல்லை. உங்கள் நியூ ஜெர்சி லைசென்ஸ் அங்கேயேதான் இருக்கும். அதைக் காட்டி டெக்சாஸில் புதிதாக ஒன்று வாங்க வேண்டும்.

நியூ ஜெர்சியில் 1200 மணி நேரம் படித்திருப்பீர்கள். டெக்சாஸ் கேட்பது 1000, அதனால் கூடுதல் படிப்பு இல்லை. சில வருஷங்களுக்கு முன்புவரை அங்கே 1500 கேட்டார்கள், அப்போது போயிருந்தால் பாடு. கலிஃபோர்னியா 1600-ல் இருந்து 2022-ல் 1000-க்கு இறங்கியது. நியூயார்க்கிலும் 1000தான். வெட்டுவது அதே தலைமுடி, அதே கத்தரிக்கோல். எல்லை தாண்டினால் கணக்கு மட்டும் மாறும். அந்த மணி நேரத்தில் பாதி, பொம்மைத் தலையில், முடியைச் சுருளாக்கும் பெர்முக்கான குச்சிகளை வரிசை வரிசையாகச் சுற்றிப் பிரித்தே போனது எனக்கு. லைசென்ஸ் வாங்கியபின் யாரும் என்னிடம் பெர்ம் கேட்டு வந்ததில்லை.

படிப்பை விட உங்களை இழுத்தடிக்கப் போவது காகிதம்தான். சலூன் சுவரில் சட்டம் போட்டு மாட்டியிருக்கும் லைசென்ஸை நகல் எடுத்து அனுப்பினால் போதாது. அது நடப்பில் இருக்கிறதா, உங்கள் மேல் ஏதாவது நடவடிக்கை உண்டா என்பதைப் பழைய மாநிலத்தின் லைசென்ஸ் போர்டே உறுதிப்படுத்த வேண்டும். அதனால் ரின்யூவல் நெருங்கியிருந்தால் கட்டிவிட்டுக் கிளம்புங்கள். ‘இனி அங்கே வேலை செய்யப் போவதில்லையே, எதற்குத் தண்டச்செலவு’ என்று விடாதீர்கள். காலாவதியான லைசென்ஸை வைத்து இன்னொன்று வாங்குவது பெரிய தலைவலி.

அப்புறம் பெயர். இதற்காகத்தான் முக்கியமாக இந்தப் பதிலையே எழுதுகிறேன்.

நானும் இப்படி லைசென்ஸோடு மாநிலம் மாறியவள்தான். எங்கிருந்து எங்கே என்று சொல்லவில்லை. இன்னும் அந்தப் புது மாநிலத்து அலுவலகத்தில்தான் ரின்யூ செய்துகொண்டிருக்கிறேன். நம்மூர்ப் பெண்கள் பலரையும் போல என் பாஸ்போர்ட்டிலும் குடும்பப் பெயர் என்ற இடம் காலி. பள்ளிக்கூடத்திலிருந்தே அப்பா பெயரின் முதல் எழுத்தும் என் பெயரும்தான், அவ்வளவுதான். விசாவில் என் பெயரைத் தூக்கிக் குடும்பப் பெயர் இடத்தில் வைத்துவிட்டு, முதல் பெயர் இடத்தில் எஃப்.என்.யூ. என்று அடித்தார்கள். ‘ஃபர்ஸ்ட் நேம் அன்நோன்’, முதல் பெயர் தெரியாதாம். டிரைவிங் லைசென்ஸிலும் அதுவே ஏறியது. பியூட்டி ஸ்கூலில் பதிவு செய்தவர் அதைப் பார்த்துச் சிரித்துவிட்டு, அவராகவே என் பெயருக்குப் பின்னால் கணவர் பெயரைச் சேர்த்தார். சர்டிஃபிகேட்டும் லைசென்ஸும் அப்படியே வந்தன.

புது மாநிலத்தில் விண்ணப்பித்தபோது அங்கிருந்த அலுவலர், லைசென்ஸ் வைத்திருப்பவரும் அடையாள அட்டையில் இருப்பவரும் வேறு வேறு ஆள் என்று ஃபைலை நிறுத்திவிட்டார். திருமணச் சான்றிதழை அனுப்பினேன். அதில் அப்பா பெயரோடு இருக்கிறேன், மூன்றாவது ஆள்! தொலைபேசியில் அந்த மூன்று எழுத்தையும் சேர்த்துப் படித்து என்னை ‘மிஸ் ஃப்னூ’ என்று கூப்பிட்ட பெண்மணிக்குத் தமிழ்நாட்டில் குடும்பப் பெயர் என்ற வழக்கமே பெரும்பாலும் கிடையாது என்பதை விளக்கிப் பார்த்தேன். பொறுமையாகக் கேட்டுவிட்டு, “சரி, உங்கள் குடும்பப் பெயர் என்ன?” என்று கேட்டார். கடைசியில் இந்தப் பெயர்கள் எல்லாம் ஒரே ஆளுடையவை என்று நோட்டரி முன்னால் கையெழுத்துப் போட்ட பிரமாணப் பத்திரம்தான் வேலைக்கு ஆனது. நீங்கள் அதை முதலிலேயே, விண்ணப்பத்தோடு வைத்து அனுப்பிவிடுங்கள். ‘பாஸ்போர்ட்டை ஒழுங்காக எடுத்திருக்க வேண்டியதுதானே’ என்று கீழே எழுத வருபவர்கள், பத்தொன்பது வயதில் தங்கள் பாஸ்போர்ட் படிவத்தை நிரப்பியது யார் என்று யோசித்துவிட்டு வரவும்.

நீங்கள் எச்4-ல், அதாவது கணவரின் வேலை விசாவோடு சேர்ந்து வரும் விசாவில், இருப்பீர்கள் என்று நினைத்துச் சொல்கிறேன்: லைசென்ஸ் வேறு, வேலை அனுமதி வேறு. ஈ.ஏ.டி. என்ற வேலை அனுமதி அட்டை கையில் இல்லாமல் காசு வாங்கிக்கொண்டு ஒரு புருவத்தைக்கூடத் தொடாதீர்கள். சலூனில் நாற்காலி வாடகைக்கு எடுப்பதும் வேலைதான்.

புருவம் என்றதும் ஞாபகம் வந்தது. டெக்சாஸில் த்ரெடிங், அதாவது நூலால் முடி எடுப்பது, மட்டும் செய்ய லைசென்ஸ் தேவையில்லை. முன்பு 750 மணி நேரப் பயிற்சி கேட்டார்கள், அதில் பல மணி நேரத்துக்கும் நூலுக்கும் சம்பந்தமே கிடையாது. த்ரெடிங் தொழில் செய்யும் நம் நாட்டுக்காரர்கள் சிலர் வழக்குப் போட்டு, 2015 ஜூனில் டெக்சாஸ் உச்ச நீதிமன்றத்தில் ஜெயித்தார்கள். பட்டேல் வழக்கு என்று தேடினால் கிடைக்கும். லைசென்ஸ் வரும்வரை கை சும்மா இருக்க வேண்டாம் என்பதற்காகச் சொல்கிறேன்.

ஆனால் ‘சும்மா’ செய்யும் ஆளாகிவிடாதீர்கள். தீபாவளி, பொங்கல் விழா வந்தால் போதும், ஹாலுக்குப் பின்னால் இருக்கும் அறையில் ஒரு நாற்காலியைப் போட்டுக்கொண்டு, “புருவம் மட்டும்தானே, அஞ்சு நிமிஷம்” என்று வரிசையில் உட்கார்ந்துவிடுவார்கள். பல்லில் நூலைக் கடித்தபடி குனிந்து நின்று கழுத்து போய்விடும். முடித்ததும் “தேங்க்ஸ்டி” என்பார்கள். அதே ஆட்கள் மாலில் இருக்கும் கடையில் டிப்ஸும் சேர்த்துக் கொடுப்பார்கள். இவர்களில் ஒருவர்தான், “இன்ஜினியரிங் படிச்சிட்டு ஏன்மா இந்த வேலை?” என்று என் மாமியார் முன்னால் கேட்டவர். அவருடைய வீட்டுக்காரரின் கம்ப்யூட்டர் வேலைக்கு மாநிலம் மாநிலமாக லைசென்ஸ் கேட்டால் தெரியும் சேதி.

மாநிலங்கள் சேர்ந்து காஸ்மெட்டாலஜிக்கு ஒரு பொது ஒப்பந்தம் போட்டிருக்கின்றன, அதை நம்பிக் காத்திருக்கலாமா என்று அடுத்து கேட்பீர்கள். காத்திருக்காதீர்கள். ஏழு மாநிலங்கள் சட்டம் இயற்றினால் அமலுக்கு வரும் என்றார்கள், அதுவும் ஆயிற்று. ஆனால் அதிலும் குடியிருப்பை மாற்றினால் புது மாநிலத்தின் வழியாகத்தான் வாங்க வேண்டும். டெக்சாஸில் லைசென்ஸ் வேலையெல்லாம் பார்ப்பது டி.டி.எல்.ஆர். என்ற மாநிலத் துறை. இணையத்திலேயே விண்ணப்பிக்கலாம், வீடு மாறும் முன்பே ஆரம்பியுங்கள். நூலைத் தவிர வேறு எதையும், வாக்ஸிங்கோ ஃபேஷியலோ, லைசென்ஸ் வரும்வரை தொட வேண்டாம். அந்த வழக்கின் தீர்ப்பு அதற்கெல்லாம் பொருந்தாது.