துணை நடிகராகவே இருந்து உங்கள் மனதில் நின்ற ஆங்கில நடிகர் யார்?

பீட்டர் வான். பெயரைச் சொன்னால் பாதிப் பேருக்குத் தெரியாது. ‘கேம் ஆஃப் த்ரோன்ஸ்’ தொடரில் வரும் கண் தெரியாத கிழவர், மேஸ்டர் ஏமன் என்றால், “ஓ, அவரா!” என்பார்கள்.

நானும் அவரை அதில்தான் முதலில் பார்த்தேன். பிறகு ஒரு நாள் ராத்திரி ‘தி ரிமெய்ன்ஸ் ஆஃப் தி டே’ (1993) பார்த்துக்கொண்டிருந்தபோது, இந்தக் குரலை எங்கேயோ கேட்டிருக்கிறோமே என்று படத்தை நிறுத்திவிட்டுத் தேடினேன். அன்றைக்குத் தூக்கம் போனதுதான் மிச்சம். பட்டியல் நீண்டுகொண்டே போனது.

1923இல் இங்கிலாந்தின் ஷ்ராப்ஷர் பகுதியில் பிறந்தவர். இயற்பெயர் பீட்டர் ஓம். பள்ளிக்கூடத்தில் மின்தடையை அளக்கும் அலகு என்று படித்தோமே, அதே ஓம்தான்! நாடகக் கம்பெனி, நடுவில் இரண்டாம் உலகப் போரில் ராணுவம், திரும்பவும் நாடகம். கனத்த உடம்பு, சின்னக் கண்கள், அடிக்குரல். இந்த முகத்துக்கு யார் காதல் காட்சி கொடுப்பார்கள்? வில்லன் வேடங்கள்தான் வரிசையாக வந்தன. ‘ஸ்ட்ரா டாக்ஸ்’ (1971) படத்தில் டஸ்டின் ஹாஃப்மன் வீட்டை முற்றுகையிடும் கும்பலின் பெரியவர் இவர்தான்.

பிரிட்டனில் இவரை வீட்டுக்கு வீடு தெரிய வைத்தது பிபிசியின் ‘பாரிட்ஜ்’ என்ற சிறைச்சாலை நகைச்சுவைத் தொடர். ஜெயிலையே கைக்குள் வைத்திருக்கும் தாதா, ஹாரி கிரவுட். அடிக்க மாட்டார், கத்தவும் மாட்டார். தன் அறையில் சொகுசாக உட்கார்ந்துகொண்டு அன்பாக நலம் விசாரிப்பார். எதிரில் நிற்பவனுக்கு வேர்த்துக் கொட்டும். தொலைக்காட்சியில் அவர் வந்தது மூன்றே எபிசோடு. அதை நம்ப எனக்குக் கொஞ்ச நேரம் பிடித்தது. ‘டைம் பேண்டிட்ஸ்’ படத்தில் முதுகுவலியால் அவதிப்படும் ராட்சசனாகவும் வருவார், விட்டுவிடாதீர்கள்.

ஆனால் என்னை அசைத்தது ‘ரிமெய்ன்ஸ்’தான். அந்தோணி ஹாப்கின்ஸ் ஒரு பெரிய மாளிகையின் தலைமைப் பணியாள். அங்கேயே வேலைக்குச் சேரும் வயதான அப்பா, பீட்டர் வான். நிஜத்தில் இருவருக்கும் வித்தியாசம் 14 வயதுதான். தட்டை ஏந்திக்கொண்டு தோட்டத்தில் நடந்து வரும் அப்பா, கல் தடுக்கி விழுந்துவிடுகிறார். பிறகு ஒரு நாள் அதே இடத்தில், தான் ஏன் விழுந்தோம் என்று அந்தக் கல்லிடமே கேட்பதுபோல் திரும்பத் திரும்ப நடந்து பார்க்கிறார். வசனம் கிடையாது. மகன் மேலே ஜன்னலிலிருந்து பார்த்துக்கொண்டிருக்கிறான். எங்கள் தாத்தா ஒருமுறை வாசற்படியில் சறுக்கியபின், யாரும் இல்லாத நேரத்தில் அந்தப் படியைக் காலால் தட்டிப் பார்த்தது எனக்கு ஞாபகம் வந்தது.

1996இல் ‘அவர் ஃப்ரெண்ட்ஸ் இன் தி நார்த்’ தொடரில் நினைவை இழந்துகொண்டிருக்கும் அப்பா. இளமையில் ஜாரோ நகரிலிருந்து லண்டனுக்கு வேலை கேட்டு நடந்துபோன தொழிலாளி அவர். அந்த நடைப்பயணத்தைப் பற்றி மகன் கேட்கக் கேட்க, அவர் முகத்தில் ஒன்றுமே இருக்காது. வில்லனாக மிரட்டிய அதே முகம்!

‘கேம் ஆஃப் த்ரோன்ஸ்’ 2011இல் தொடங்கியபோது அவருக்கு 88 வயது. உண்மையிலேயே பார்வை மங்கியிருந்தது. அவரது கடைசிக் காட்சி 2015இல் வந்தது. மறு வருஷம் 93 வயதில் இறந்துபோனார். எபிசோடுக்கு ஒரு தலை உருளும் அந்தத் தொடரில் ஏமன் படுக்கையில், முதுமையால் சாகிறார். என்றோ போய்விட்ட தம்பியைக் கூப்பிட்டு, தான் கிழவனாகிவிட்டதுபோல் கனவு கண்டதாக முனகுகிறார். அந்தக் காட்சியை மட்டும் இன்னொரு தடவை போட்டுப் பாருங்கள்.