பண்ணையாள் முறை ஒழிஞ்சு எவ்வளவோ வருஷம் ஆச்சே, டெல்டால கூலிக்குப் போறவங்க இன்னும் ஏன் கடன்லயே கெடக்குறாங்க?

நமக்கு திருவாரூர் பக்கம், சொந்தத்துல பாதிப் பேரு நடவு களையெடுப்புக்குப் போறவங்கதான். சிக்கனமா இருக்கத் தெரியலன்னு சொல்றவங்க எங்க அத்தைகிட்ட வந்து பேசணும், மூணு குழுக் கடனோட தவணைத் தேதியும் தொகையும் தூக்கத்துல எழுப்பிக் கேட்டாலும் சொல்லும்.

பண்ணையாள்னா ஒரே பண்ணையில கட்டுப்பட்டு வேலை பாக்குறவங்க. அப்பல்லாம் நெலத்துக்காரரான மிராசுதார் கல்யாணத்துக்கு, சாவுக்குன்னு நெல்லோ பணமோ கொடுப்பாரு, ஆனா அது அடையணும்னு கொடுக்குறது இல்ல, அடையவே கூடாதுன்னு கொடுக்குறது, ஏன்னா அடைஞ்சிட்டா ஆளு வேற பண்ணைக்குப் போயிடுவான்ல. 1952ல பண்ணையாள் பாதுகாப்புச் சட்டம் வந்ததும் நிறைய மிராசுதாருங்க பண்ணையாளே வேணாம்னு தினக்கூலிக்கு ஆள் வைக்க ஆரம்பிச்சுட்டாங்க. கூலி உயர்வு கேட்ட தகராறுலதான் 1968ல கீழவெண்மணில 44 பேரைக் குடிசைக்குள்ள வச்சு எரிச்சாங்க.

இப்ப நெலமை தலைகீழ். அறுப்புக்கு மெஷின் வந்தாச்சு, யாரையும் புடிச்சு வைக்கத் தேவையில்ல, கடன் கொடுக்குறவனுக்கு தவணை வந்தாப் போதும், நீ திருப்பூர் போய் சம்பாதிச்சா என்ன எங்க போனா என்ன. குழுக் கடனுக்கு நகை, பத்திரம் எதுவும் கேக்க மாட்டாங்க, பக்கத்து வீட்டுக்காரிதான் ஈடு. ஒருத்தி கட்டலன்னா மத்தவங்க போட்டுக் கட்டணும், அதனால கடன் கொடுத்த மைக்ரோ ஃபைனான்ஸ் கம்பெனிக்காரன் வாயத் தொறக்கவே வேணாம், தெருவே திட்டித் தீத்துரும். என்னைக் கேட்டா இது மிராசுதாரை விட கெட்டிக்கார ஏற்பாடு. அன்னிக்கு கொடி புடிச்சுட்டுப் போய் நிக்க ஒரு வாசல் இருந்துச்சு, இப்ப வசூலுக்கு வர்ற பையனே பைக்குக்கு டியூ கட்டிட்டு டார்கெட்டுக்கு பயந்துட்டு ஓடுறான், அவன்கிட்ட என்னத்தப் போராட?

2022ல ரிசர்வ் வங்கி, குடும்பத்தோட மாச வருமானத்துல பாதிக்கு மேல தவணை போகக்கூடாதுன்னு விதி போட்டுச்சு. நல்ல விதிதான், ஆனா நடவு சமயத்துல கொஞ்சம் காசு, அப்புறம் நூறு நாள் வேலைப் பணம் எப்ப ஏறும்னு பேங்க்குக்கு நடக்குறது, இதுல எந்த மாசத்தை வருமானம்னு எழுதுறது? அதான் ஒரு லோன கட்ட இன்னொரு லோன்.

இன்னொன்னு யாரும் பேசுறதில்ல. 2021ல கூட்டுறவுல 12,110 கோடி பயிர்க்கடன் தள்ளுபடி ஆச்சு. வேணாம்னு சொல்லல, ஆனா பயிர்க்கடன் வாங்கவே நெலம், பயிர் விவரம் காட்டுற சிட்டா அடங்கல் வேணுமே, வாய்ப்பேச்சுல குத்தகைக்கு ஓட்டுறவனுக்கே அது கெடைக்கிறது கஷ்டம், நாத்து நடுற பொம்பளைக்கு எங்க போறது? அவ கடன் எந்தக் கட்சி மேடைக்கும் சுலபத்துல வராது, அடுத்த தவணைக்கு காதுல கெடக்குறதத்தான் கழட்டணும்.