ஊமைப்பட நகைச்சுவையில் தும்மினால் பல்செட் பறக்கிறதே, நிஜத்திலும் அப்படியா?

பாதி நிஜம்தான்.

பல்செட் என்பது ஈறின் அச்செடுத்துச் செய்யும், கழற்றி மாட்டக்கூடிய செயற்கைப் பல்வரிசை. எல்லாப் பற்களும் விழுந்தவர்கள் போடும் சாதாரண முழு செட்டைப் பிடித்துவைக்க வாய்க்குள் கம்பியோ ஆணியோ கிடையாது. ஈறுக்கும் செட்டுக்கும் நடுவே இருக்கும் மெல்லிய எச்சில் படலம்தான் முக்கியமான பிடிப்பு. ஈரமான இரண்டு கண்ணாடித் துண்டுகளைச் சேர்த்து வைத்துப் பாருங்கள்: பக்கவாட்டில் வழுக்கும், நேராக இழுத்தால் சுலபத்தில் பிரியாது. அதே சங்கதிதான் இங்கேயும். ஓரத்தில் காற்று புகுந்தால் பிடி போச்சு.

மேல் செட் அண்ணம் முழுக்கப் படிவதால் ஓரளவு நிற்கும். கீழ் செட்டுதான் பாவம். அதற்குக் கிடைப்பது லாட வடிவில் ஒரு குறுகிய மேடு, நடுவில் சும்மா இருக்காத நாக்கு. முன்பல்லால் கொய்யாவைக் கடித்தால் பின்பக்கம் தூக்கிக்கொள்ளும். தும்மல், கொட்டாவி, ஒட்டும் மிட்டாய் எல்லாமே ஆபத்து. நடிகருக்கோ இதெல்லாம் வரம். வசனமே வேண்டாம், முகம் போதும். 'ஸ' சொல்லும்போது வரும் விசிலை மட்டும் ஊமைப்படத்தில் கேட்க முடியாது, அது நஷ்டம்தான்.

ஒருமுறை பல் கட்டினால் ஆயுளுக்கும் போதும் என்று பலர் நினைக்கிறார்கள். பல் போன இடத்தில் தாடை எலும்பு கொஞ்சம் கொஞ்சமாகக் கரைவதால், கச்சிதமாக இருந்த செட்டும் சில வருடங்களில் தொளதொளத்துவிடும்.