பெல்ட்டும் பிளேட் கேரியரும்: கேட்டவையும் என் பதில்களும்

டெக்சாஸில் துப்பாக்கிப் பயிற்சி வகுப்புகளில் முதலுதவிப் பகுதியைச் சொல்லித் தருகிறேன். இங்கே ரேஞ்சுக்கு (சுட்டுப் பழகும் இடத்துக்கு) வரும் தமிழ் நண்பர்கள் அனுப்பிய கேள்விகளுக்குத் தெரிந்தவரை பதில் சொல்கிறேன். பிளேட் கேரியர் என்றால் குண்டு தடுக்கும் தகடுகளை (பிளேட்) நெஞ்சிலும் முதுகிலும் தாங்கும் அங்கி.

அண்ணா, முதலில் பெல்ட்டா, பிளேட் கேரியரா?

பெல்ட். ரேஞ்சுக்குப் போகும்போதெல்லாம் அதைக் கட்டுவீர்கள், கேரியரை எப்போதாவதுதான் மாட்டுவீர்கள். இரண்டு அடுக்காக வருவதை வாங்குங்கள். உள் பெல்ட் பேன்ட் லூப்புக்குள் போகும், வெளி பெல்ட் அதன்மேல் வெல்க்ரோவில் ஒட்டிக்கொள்ளும், ஓடினாலும் சுழலாது. வலது கைக்காரர் என்றால் ஹோல்ஸ்டர் (துப்பாக்கி உறை) வலது இடுப்பில், மேகஸின் (குண்டு அடைக்கும் பெட்டி) பவுச் இடது பக்கம் முன்னால். ஹோல்ஸ்டர் துப்பாக்கியைப் பூட்டிப் பிடிக்கிற வகையாக இருக்கவேண்டும், இறுக்கத்தில் மட்டும் நிற்பது ஓடும்போது நழுவும். முதலுதவிப் பை பின்னால், சற்று ஓரமாக. முதுகெலும்புக்கு நேரே கெட்டியான எதையும் வைக்காதீர்கள். மல்லாக்க விழுந்தால் அது நேராக எலும்பில் இடிக்கும், காரில் சாய்ந்து உட்காரவும் விடாது. டூர்னிகெட் (கை, காலில் இறுக்கிக் கட்டி ரத்தப்போக்கை நிறுத்தும் பட்டை) மட்டும் தனியாக, முன்பக்கம், எந்தக் கையாலும் எட்டும் இடத்தில் இருக்கட்டும். இதை இன்றைக்கு இன்னும் சில தடவை சொல்வேன்.

பிளேட் வயிறு வரை மறைக்கவேண்டாமா? எனக்கு நெஞ்சோடு நின்றுவிடுகிறது.

நெஞ்சோடு நிற்பதுதான் சரி. கழுத்துக்குக் கீழே, இரண்டு காறை எலும்புகளும் சந்திக்கும் இடத்தில் ஒரு குழி இருக்கிறதே, பிளேட்டின் மேல் விளிம்பு அங்கே வரவேண்டும். இதயமும் அதிலிருந்து கிளம்பும் பெரிய ரத்தக்குழாய்களும் அந்த உயரத்தில்தான் இருக்கின்றன. அங்கே அடிபட்டால் நிமிடக்கணக்கில் உயிர் போய்விடும், குடலில் பட்டவரை ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோகப் பெரும்பாலும் நேரம் கிடைக்கும். படங்களில் பாதிப் பேர் தொப்புளை மறைத்துக்கொண்டு நெஞ்சைத் திறந்துவிட்டிருக்கிறார்கள். பின் பிளேட்டும் முன் பிளேட்டின் உயரத்துக்கே வரவேண்டும், பின்பக்கம் தொங்கினால் தோள்பட்டியைச் சரிசெய்யுங்கள்.

என்ன சைஸ்?

அகலத்துக்கு ஒரு மார்புக்காம்பிலிருந்து இன்னொன்று வரை அளந்து பாருங்கள். அமெரிக்க ராணுவ அளவில் மீடியம் 9.5க்கு 12.5 அங்குலம். கடைகளில் 10க்கு 12 என்று வருவது வேறு அளவு, வேறு வடிவம். கேரியர் எந்த அளவுக்குத் தைத்தது என்று பார்த்து வாங்காவிட்டால் பிளேட் உள்ளே ஆடும்.

லெவல் 3 போதுமா, 4 வேண்டுமா?

பிளேட் எந்தக் குண்டைத் தடுக்கும் என்று அமெரிக்க நீதித்துறையின் என்ஐஜே அமைப்பு வைத்த படிகள் இவை. லெவல் 3 என்பது 7.62 மில்லிமீட்டர் எம்80 ரைஃபிள் குண்டுக்குச் சோதிக்கப்பட்டது. லெவல் 4, .30-06 கவசத் துளைப்புக் குண்டுக்கு. நடுவே ஒரு ஓட்டை இருக்கிறது: பாலிஎத்திலீனில் மட்டும் செய்த பல லெவல் 3 பிளேட்டுகளை எஃகு முனை வைத்த எம்855 ரைஃபிள் குண்டு துளைத்துவிடும், அந்தக் குண்டோ இங்கே சாதாரணமாகக் கிடைக்கிறது. 2023இல் வந்த என்ஐஜே புதிய தரத்தில் அதற்காகவே ஆர்எஃப்2 என்று தனிப் படி வைத்திருக்கிறார்கள். பழைய 3 இப்போது ஆர்எஃப்1, பழைய 4 ஆர்எஃப்3. பெட்டியில் அச்சிட்டதை நம்பாமல், என்ஐஜே சான்று பெற்ற பட்டியலில் அந்த மாடல் இருக்கிறதா என்று பாருங்கள்.

ஏஆர்500 (ஒருவகைக் கடின எஃகு) பிளேட் மலிவு, காலத்துக்கும் உழைக்கும். அதை ஏன் யாரும் சொல்வதில்லை?

நான் வேண்டாம் என்று சொல்கிறேன். எஃகில் பட்ட குண்டு சிதறி, துணுக்குகள் பிளேட்டின் பரப்பை ஒட்டியே நாலாபக்கமும் பாயும். மேலே உங்கள் கழுத்தும் தாடையும், பக்கத்தில் கையின் உட்புற நாளங்கள். அப்புறம் எடை: ஒன்று சுமார் மூன்றரைக் கிலோ, இரண்டு போட்டால் ஏழு.

(அதே நண்பர்) மேலே ரப்பர் பூச்சு இருக்கிறதே? செராமிக் (பீங்கான் வகை) பிளேட் ஒரு குண்டோடு உடைந்துவிடும்.

பூச்சு முதல் சில துணுக்குகளைப் பிடிக்கும், அடி விழ விழ உரிந்துவிடும். செராமிக் உடைவதுதான் அதன் வேலை: தான் நொறுங்கிக் குண்டின் முனையையும் நொறுக்கும், பின்னாலிருக்கும் நார் அடுக்கு மிச்சத்தைப் பிடிக்கும். ஒரே குண்டோடு முடிந்தது என்பதும் தவறு. என்ஐஜேயின் பழைய 06 தரத்தில் லெவல் 3க்கு ஒரே பிளேட்டில் 6 குண்டு சுட்டுத்தான் பார்த்தார்கள்.

(இன்னொருவர்) எஃகும் சோதனையில் தேறியிருக்கிறதே சார்?

சோதனையில் பார்ப்பது, குண்டு துளைத்ததா, பின்னால் வைத்த களிமண்ணில் விழுந்த பள்ளம் 44 மில்லிமீட்டரைத் தாண்டியதா என்பதை. முன்பக்கம் சிதறியது யார் கழுத்துக்குப் போகும் என்பது அதில் வராது. இன்னொன்று, எஃகு எம்855ஐ நிறுத்தும், ஆனால் நீளக் குழலிலிருந்து கிட்டத்தில் வேகமாக வரும், எஃகு முனை இல்லாத சாதாரண எம்193 குண்டு அதைத் துளைத்துவிடலாம். செராமிக்குக்கும் குறை உண்டு, கீழே போட்டால் கண்ணுக்குத் தெரியாத விரிசல் விழலாம். அமெரிக்க ராணுவம் எக்ஸ்ரே எடுத்துப் பார்ப்பது அதனால்தான். கார் டிக்கியில் வீசாமல் வையுங்கள், உத்தரவாதக் காலம் முடிந்தால் மாற்றுங்கள். ஏற்கனவே எஃகு வாங்கியவர்கள் மனம் கோணவேண்டாம், ஆனால் கழுத்துக்குக் கீழே அதை மாட்டிக்கொள்ளச் சொல்ல என்னால் முடியாது.

ஆன்லைனில் டூர்னிகெட் ரொம்ப மலிவாக வருகிறது, வாங்கலாமா?

கூடாது. போலிகள். முறுக்கும் குச்சி பாதியில் உடையும், ரத்தம் நிற்காது. கேட் (CAT) அல்லது சாஃப்ட்-டி வைட் (SOFTT-W) என்ற மாடலை, தயாரிப்பாளரிடமோ அவர்கள் அங்கீகரித்த கடையிலோ வாங்குங்கள். பழக ஒன்று, மாட்ட ஒன்று என்று இரண்டாக வாங்குங்கள், பழகியதை இடுப்பில் வைக்காதீர்கள். காயத்துக்கு இரண்டு மூன்று அங்குலம் மேலே, உடல் பக்கமாக, மூட்டின்மேல் படாமல் கட்டி, ரத்தம் நிற்கும் வரை முறுக்கவேண்டும். வலிக்கும், கத்துவார்கள், தளர்த்தாதீர்கள். கட்டிய நேரத்தை எழுதுங்கள்.

கேரியரில் எத்தனை மேகஸின் மாட்டலாம்? ஆறு, ஏழு?

மூன்று, முன்னால் ஒரே வரிசையில். நிரப்பிய முப்பது குண்டு மேகஸின் ஒன்று ஏறக்குறைய அரைக் கிலோ. இரண்டு வரிசை வைத்தால் குப்புறப் படுக்க முடியாது. பக்கப் பட்டையில் பெரிய பவுச் மாட்டினால் கை இடிக்கும், பெல்ட்டில் இருப்பதும் எட்டாது. எல்லாவற்றையும் மாட்டி, குந்தி, படுத்து, எழுந்து, காரில் ஏறி இறங்கிப் பாருங்கள். இடிப்பதைக் கழற்றுங்கள்.

முதலில் பெல்ட் வாங்கலாமா, கேரியரா?

மேலே முதல் பதில்.

பெல்ட் வாங்கிவிட்டேன் சார், ஹோல்ஸ்டரும் ஆச்சு. அடுத்து கேரியர்தானே?

டூர்னிகெட் வாங்கினீர்களா? அது, அதைப் பழகும் வகுப்பு, அப்புறம் கேரியர்.

துப்பாக்கி லைட் எது நல்லது?

என் துறை இல்லை. உங்கள் ரேஞ்ச் பயிற்சியாளரைக் கேளுங்கள்.

ஊருக்குப் போகும்போது மச்சானுக்கு ஒரு செட் கொண்டுபோகலாமா?

வேண்டாம் தம்பி. இந்தப் பிளேட்டுகளை அமெரிக்காவிலிருந்து வெளியே கொண்டுபோக ஏற்றுமதிக் கட்டுப்பாடு இருக்கிறது, பெட்டியில் துணிக்கு நடுவே வைத்து எடுத்துப்போகும் பொருள் அல்ல. மற்ற நாடுகளிலும் சட்டம் வேறு வேறு: கனடாவில் ஆல்பர்ட்டா, பிரிட்டிஷ் கொலம்பியாவில் அனுமதி வேண்டும். அமெரிக்காவுக்குள்ளேயே நியூயார்க் 2022இல் கவசம் வாங்குவதைக் குறிப்பிட்ட தொழில் செய்பவர்களுக்கு மட்டும் என்று ஆக்கிவிட்டது.

வியர்வை நாற்றம் தாங்கவில்லை, மெஷினில் போடலாமா?

பிளேட்டுகளை வெளியே எடுங்கள், வெல்க்ரோவை ஒட்டி மூடுங்கள், கேரியரை மட்டும் மிதமான சோப்புத் தண்ணீரில் கையால் அலசி நிழலில் உலர்த்துங்கள். மெஷின் வேண்டாம். திரும்பப் போடும்போது பிளேட்டின் எந்தப் பக்கம் வெளியே பார்க்கவேண்டும் என்று அதிலேயே எழுதியிருக்கும், படித்துவிட்டுப் போடுங்கள்.