லிண்டா ஏன் அழவில்லை?

அன்புள்ள சார்,

ஆர்தர் மில்லரின் 'டெத் ஆஃப் எ சேல்ஸ்மேன்' நாடகத்தை 1985இல் தொலைக்காட்சிக்காகப் படமாக்கியதைப் பார்த்தேன். வீடு அப்பட்டமான செட். சுவர்கள் ஒன்றோடொன்று சேரவே இல்லை. கேமரா இருக்கும்போது நிஜ வீட்டிலேயே எடுத்திருக்கலாமே? கடைசியில் கணவனான சேல்ஸ்மேன் வில்லியின் கல்லறை முன்னால் லிண்டா தனக்கு அழுகை வரவில்லை என்கிறாள். அதுவும் எனக்கு ஒட்டவில்லை.

எஸ்.

அன்புள்ள எஸ்,

செட் செட்டாகவே தெரியட்டும் என்றுதான் இயக்குநர் ஷ்லோண்டார்ஃப் அப்படி எடுத்திருக்கிறார். மில்லர் இந்த நாடகத்துக்கு முதலில் யோசித்த தலைப்பே 'அவன் தலைக்குள்ளே' என்ற பொருளில்தான். பிரதியிலேயே ஒரு குறிப்பு உண்டு. நிகழ்காலக் காட்சிகளில் நடிகர்கள் கதவு வழியாக வர வேண்டும். வில்லியின் நினைவில் நடப்பவற்றில் சுவரைத் தாண்டியே நடக்கலாம். பக்கத்து வீட்டுக்காரரோடு வில்லி சீட்டாடும்போது செத்துப்போன அண்ணன் பென் வந்து நிற்கிறான். வில்லி இருவருக்கும் மாறி மாறிப் பதில் சொல்கிறான். நிஜ வீட்டில் எடுத்தால் இது வெறும் ஃப்ளாஷ்பேக் ஆகிவிடும்.

எனக்குக் குறை வேறு இடத்தில். வில்லியாக வரும் டஸ்டின் ஹாஃப்மன் இதே வேடத்தை 1984இல் நியூயார்க்கின் பிராட்வே மேடையில் நடித்தவர். கடைசி வரிசைக்கும் கேட்க வேண்டிய குரலை குளோசப்பிலும் விடவில்லை. மகன் பிஃப்பாக வரும் ஜான் மால்கோவிச் கேமராவுக்கு எவ்வளவு போதும் என்று தெரிந்து நடிக்கிறார்.

லிண்டா விஷயத்துக்கு வருகிறேன். முதல் அங்கத்தில் அவள் மகன்களிடம் சொல்வதை மறுபடி கேளுங்கள். உயிரை விடுவதற்காக வில்லி நிலவறையில் ஒளித்துவைத்திருக்கும் ரப்பர் குழாயை அவள் கண்டுபிடித்துவிட்டாள். தினமும் அதை எடுத்துவிடுகிறாள். அவன் வீடு திரும்பும் நேரத்தில் மறுபடி அங்கேயே வைத்துவிடுகிறாள், தனக்குத் தெரியும் என்பது அவனுக்கு அவமானமாகிவிடக் கூடாது என்று. அப்படி நாட்களை ஓட்டியவளுக்குத் துக்கம் சாவன்றைக்கா தொடங்கும்? அவன் இன்னொரு வெளியூர்ப் பயணம் போயிருப்பதுபோல்தான் இருக்கிறது என்கிறாள். அவளுக்கு எட்டாதது வேறொன்று: 25 வருட வீட்டுக் கடனின் கடைசித் தவணையைக் கட்டி முடித்த வேளையில் ஏன் போனான்? அந்தக் கேள்வியில்தான் அழுகை வருகிறது. அழவே இல்லை என்று நீங்கள் நினைத்தது தவறு. வருவதற்கு நேரமாகிறது, அவ்வளவுதான். மகன்கள் அங்கேயும் அப்பாவைப் பற்றி வாதாடிக்கொண்டிருக்கிறார்கள்.

1966இல் வந்த தொலைக்காட்சி வடிவம் கிடைத்தால் பாருங்கள். 1949இல் மேடையில் முதன்முதலில் நடித்த லீ ஜே. காப்பும் மில்ட்ரெட் டன்னாக்கும்தான் அதிலும் வில்லியும் லிண்டாவும். கல்லறைக் காட்சியை மட்டுமாவது இரண்டிலும் அடுத்தடுத்துப் பார்த்துவிட்டு எழுதுங்கள்.